டீசல் ஊற்றித் தண்ணீர் ஏற்றுகிறோம்

வட்ஸ்அப்பில் ஒரு வீடியோ சுற்றிக்கொண்டிருக்கிறது, உங்களுக்கும் வந்திருக்கும். ஏதோ ஒரு ஐரோப்பிய நகரம், சத்தமே இல்லாமல் மின்சாரக் குப்பை லொறி ஒன்று வருகிறது, பக்கவாட்டில் இருந்து இயந்திரக் கை நீண்டு தொட்டியைத் தூக்கிக் கொட்டிவிட்டு வைக்கிறது, சாரதி இருக்கையை விட்டு இறங்கவே இல்லை. எங்கள் குடும்பக் குழுவில் பெரியப்பா இதைப் போட்டு, "இதெல்லாம் மட்டக்களப்புக்கு எப்ப வரும்?" என்று கேட்டிருந்தார். வந்தால் எந்த ஒழுங்கைக்குள் பெரியப்பா நுழையும்? காத்தான்குடியில் எதிரே ஒரு ஓட்டோ வந்தாலே ஒருவர் பின்னால் எடுக்க வேண்டிய ஒழுங்கைகள் இருக்கின்றன, கல்முனையிலும் அதே கதை.

ஆனால் அந்த லொறியைப் பற்றி இரண்டு நல்ல வார்த்தை சொல்லிவிட்டுத்தான் போக வேண்டும். குப்பை வண்டியின் வேலையே ஓடுவதும் நிற்பதும்தான். ஐம்பது அடி ஓடி, நின்று, அள்ளி, மறுபடி ஓடும். டீசல் எஞ்சினுக்கு இதைவிடக் கெட்ட வேலை கிடையாது, பெரிய குப்பை லொறிகள் ஒரு லீட்டருக்கு ஒரு கிலோமீற்றர் சொச்சம்தான் ஓடுகின்றன. மின்சார மோட்டர் நிற்கும்போது எதையும் எரிப்பதில்லை, பிரேக் பிடிக்கும்போது அந்த ஓட்டத்தில் ஒரு பகுதியைத் திரும்பவும் பற்றரிக்குள் அனுப்பிவிடும். தினமும் ஒரே பாதை, ஒரே தூரம், முடிந்ததும் ஒரே கொட்டகைக்குத் திரும்புகிறது. வழியில் பற்றரி தீர்ந்துவிடுமோ என்ற பயம் இதற்குத் தேவையில்லை. எங்கள் கரையோரம் முழுக்கத் தட்டை நிலம், ஏற்றம் என்று சொன்னால் பாலத்து ஏற்றம்தான்.

எனக்குப் பிடித்தது பெரிய லொறி இல்லை, சாமான் ஏற்றும் மின்சார முச்சக்கர வண்டி. சென்னையில் பற்றரி வண்டிகள் வீடு வீடாகப் போய்க் குப்பை எடுக்கின்றன. இந்தியாவில் ஓடும் மஹிந்திரா ட்ரியோ சோர் என்ற சாமான் வண்டியின் பற்றரி 7.37 கிலோவாட் மணி, அதாவது எட்டு, ஒன்பது யூனிட் மின்சாரத்தில் நிரம்பிவிடும், அரைத் தொன் ஏற்றும். இன்னொன்றும் இருக்கிறது. இப்போது குப்பை ஏற்றும் உழவு இயந்திரப் பெட்டி உயரமானது, சுகாதாரத் தொழிலாளி ஒவ்வொரு வாளியையும் தோளுக்கு மேலே தூக்கித்தான் கொட்ட வேண்டும், ஊத்தைத் தண்ணீர் கை வழியே வழியும். முச்சக்கர வண்டியின் பெட்டி இடுப்பளவில்தான் இருக்கும். புகையைப் பற்றிப் பேசும் யாரும் இந்தத் தோளைப் பற்றிப் பேசி நான் கேட்டதில்லை.

சரி, மின்சாரம் எங்கிருந்து வருகிறது, நுரைச்சோலையில் நிலக்கரி எரித்துத்தானே என்று கேட்பீர்கள். இரவில் சார்ஜ் போட்டால் அந்தக் கேள்வி நியாயமானது. ஆனால் குப்பை வண்டிக்கு ஒரு வசதி இருக்கிறது, அது விடியற்காலையில் புறப்பட்டு வெயில் ஏறுவதற்குள் வேலையை முடித்துவிடும். நண்பகலில் சும்மா நிற்கிறது. நண்பகலில்தான் இந்த நாட்டில் மின்சாரம் மிஞ்சுகிறது! 2025 பெப்ரவரி 9 ஞாயிற்றுக்கிழமை, பாணந்துறை உபமின்நிலையத்தில் ஒரு குரங்கு ஏறி நாடு முழுக்க மின்சாரம் போனது நினைவிருக்கும், குரங்கைப் பற்றி எல்லோரும் சிரித்தோம். அந்த நேரத்தில் தேவை குறைவாகவும் கூரைச் சோலார் அதிகமாகவும் இருந்ததால்தான் வலையமைப்பு அந்த அதிர்ச்சியைத் தாங்கவில்லை என்பது பின்னால் வந்த விளக்கம். அதே ஆண்டு சித்திரைப் புத்தாண்டு விடுமுறையில் கூரைச் சோலார் வைத்திருப்பவர்களைப் பகலில் அணைத்து வைக்கச் சொன்னார்கள். வெயில் கொட்டுகிற ஊரில் சோலாரை அணைக்கச் சொல்கிறார்கள், அதே நேரம் உள்ளூராட்சிச் சபைக் கொட்டகையில் வண்டிகள் டீசல் வாசத்தோடு நிற்கின்றன. 2022இல் டீசல் இல்லாமல் எங்கள் பக்கம் குப்பை எடுக்க ஆள் வராத வாரங்களில் மதில் ஓரமெல்லாம் பைகள் குவிந்து, நாய்கள் இழுத்து, அந்த நாற்றம் மறக்கவில்லை. புகை குறைப்பதில் ஆர்வம் இல்லாத சபைக்குக்கூட இந்தக் காரணம் போதும் என்று நினைக்கிறேன்.

இவ்வளவும் சொன்ன பிறகு ஒன்று சொல்ல வேண்டும். வண்டியின் புகை இந்தக் கதையில் சின்னப் பகுதி.

பெட்டிக்குள் என்ன இருக்கிறது என்று பாருங்கள். மீன் செதில், இறால் கோது, மரக்கறித் தோல், பழைய சோறு, வாழைத்தண்டு, வத்தகப்பழத் தோல், இளநீர் கோம்பை. இலங்கையில் வீட்டுக் குப்பையில் பாதிக்கு மேல் இப்படிப்பட்ட உக்கும் கழிவுதான். மீன், மரக்கறி, பழக் கழிவில் நூற்றுக்கு 70 பங்குக்கு மேல் தண்ணீர். நாங்கள் டீசல் ஊற்றித் தண்ணீர் ஏற்றிப் போய்க் காட்டில் கொட்டிவிட்டு வருகிறோம், சபைப் பணத்தில், ஒவ்வொரு நாளும்.

கொட்டிய இடத்தில் கதை முடிவதில்லை. மேலே மேலே குப்பை விழுந்து காற்றுப் போகாத இடத்தில் அது அழுகும்போது மீதேன் வரும். மீதேன் நூறு வருடக் கணக்கில் காபனீரொட்சைட்டைப் போல 27 மடங்கு சூடாக்கும், இருபது வருடக் கணக்கில் பார்த்தால் 80 மடங்கு. காலநிலை மாற்றத்துக்கான பன்னாட்டுக் குழுவான ஐபிசிசியின் கணக்கு முறையை எடுத்து ஒரு இரவு நானே போட்டுப் பார்த்தேன். ஐந்து மீற்றருக்கும் குறைந்த, பராமரிப்பில்லாத திறந்த மேட்டில் ஒரு தொன் உணவுக் கழிவைக் கொட்டினால் காலப்போக்கில் 20 கிலோ மீதேன் வருகிறது. மேடு உயர்ந்துவிட்டால் 40 கிலோ. குறைந்த கணக்கையே எடுத்தாலும் 540 கிலோ காபனீரொட்சைட்டுக்குச் சமம். ஒரு லீட்டர் டீசல் எரித்தால் 2.7 கிலோ வரும் என்று வைத்தால், அந்த ஒரு தொன்னைக் கொட்டிய பாவம் 200 லீட்டர் டீசல் எரித்த பாவம். அந்த ஒரு தொன்னைக் கொண்டுபோக வண்டி குடித்தது எத்தனை லீட்டர் இருக்கும்? விரல் விட்டு எண்ணலாம். ஆக, இருக்கிற வண்டியை எல்லாம் மின்சாரத்துக்கு மாற்றிவிட்டு, அதே கலவையை அதே மேட்டில் கொட்டினால், படம் எடுத்து முகநூலில் போடலாம், அவ்வளவுதான்.

தூரமும் கூடிக்கொண்டே போகிறது. மட்டக்களப்பு மாநகரக் குப்பை திருப்பெருந்துறைக்குப் போய்க்கொண்டிருந்தது, அங்குள்ள மக்கள் எதிர்த்து வீதிக்கு வந்தார்கள், அவர்கள் செய்தது சரி. அப்புறம் செங்கலடிப் பக்கம் கொடுவாமடு. அம்பாறைக் கரையில் பள்ளக்காடு இருக்கிறது, அதைப் பற்றி உலகமே எழுதியது, சுற்றுவட்டார ஊர்கள் கொட்டும் குப்பையில் பிளாஸ்டிக்கைத் தின்று எட்டு வருடத்தில் ஏறக்குறைய 20 யானைகள் செத்தன என்று 2022 ஜனவரியில் செய்தி வந்தது. யானை ஏன் பிளாஸ்டிக் தின்கிறது? பிளாஸ்டிக் மேல் ஆசை இல்லை, அந்தப் பைக்குள் சோறும் பழத்தோலும் இருக்கிறது, பையைப் பிரித்துத் தின்ன யானைக்குக் கை இல்லை. மீதேனையும் யானைச் சாவையும் நாற்றத்தையும் நுளம்பையும் தனித்தனிப் பிரச்சினையாகப் பேசுகிறோம். எல்லாம் சோற்றையும் பையையும் ஒன்றாகக் கட்டுவதில் தொடங்குகிறது.

வீட்டில் பிரித்துப் போடச் சொல்கிறார்களே என்றால், சொல்கிறார்கள். எங்கள் வீட்டில் அம்மா ஒழுங்காகப் பிரிப்பார், பச்சை வாளி ஒன்று, பழைய பெயின்ற் வாளி ஒன்று. வண்டி வந்ததும் இரண்டும் ஒரே பெட்டிக்குள் விழும். ஒருநாள் அம்மா கேட்டே விட்டார். வண்டியோடு வரும் ஐயா சிரித்துக்கொண்டு சொன்னார், "நாங்க என்ன செய்யிற மகள், பெட்டி ஒண்டுதானே இரிக்கு." அவர் சொன்னதில் ஒரு பிழையும் இல்லை. அடுத்த வாரமே எங்கள் ஒழுங்கையில் பாதிப் பேர் பிரிப்பதை விட்டுவிட்டார்கள். நடுவில் ஒரு தகரத் தடுப்பு வைக்க எவ்வளவு செலவாகும் என்று வெல்டிங் கடையில் கேட்டால் தெரியும். என்னைக் கேட்டால் இந்த மாவட்டத்துக்கு முதலில் வர வேண்டிய நவீன தொழில்நுட்பம் அந்தத் தகரம்தான்.

ஒஸ்லோவில் இருக்கும் என் மச்சாளோடு இதைப் பற்றிப் பேசினேன். அங்கே உணவுக் கழிவுக்குப் பச்சைப் பை, பிளாஸ்டிக்குக்கு நீலப் பை, பைகள் சுப்பர் மார்க்கெட்டில் இலவசம். எல்லாவற்றையும் ஒரே தொட்டியில் போடலாம், ஒரே லொறி எடுத்துப் போகும், ஆலையில் கமரா பையின் நிறத்தைப் பார்த்துப் பிரித்துவிடும். பச்சைப் பையில் இருப்பது பயோகேஸ் ஆகி வண்டி ஓட்டுகிறது. கேட்க ஆசையாக இருக்கிறது. "உங்கட மீன்கழிவை அந்தப் பைக்குள்ள போட்டா ஆலைக்குப் போறதுக்குள்ள பை வெடிச்சிரும்டி" என்றாள் மச்சாள். குளிர் நாட்டில் குப்பை இரண்டு வாரம் தொட்டியில் இருக்கலாம், கல்லடியில் வெள்ளிக்கிழமை வாங்கிய மீனின் தலை சனிக்கிழமை காலை என்ன நிலையில் இருக்கும் என்று எல்லோருக்கும் தெரியும்.

அதனால் நான் ஒஸ்லோவை விட்டுவிட்டு ஆலப்புழையைப் பார்க்கிறேன். கேரளத்தில், நீரும் தென்னையும் மீனும் நெரிசலுமாக எங்கள் ஊர் மாதிரியே ஒரு ஊர். நகரக் குப்பையை எல்லாம் சர்வோதயபுரம் என்ற இடத்துக்கு அனுப்பிக்கொண்டிருந்தார்கள், 2012இல் அந்த ஊர் மக்கள் லொறிகளை மறித்துவிட்டார்கள், நகரம் நாறியது. கிட்டத்தட்ட எங்கள் திருப்பெருந்துறைக் கதை. அவர்கள் வேறு காடு தேடவில்லை, நகருக்குள்ளேயே வைத்து உக்க வைப்பது என்று முடிவெடுத்தார்கள். வீடுகளுக்குச் சின்னக் குழாய்க் கொம்போஸ்ட், பயோகேஸ் தொட்டி. வீட்டில் செய்ய இடமில்லாதவர்களுக்கு வட்டாரத்தில் கூரை போட்ட கொட்டகை, அதற்குள் தும்பூர்முழி என்று பெயர் சொல்லும் காற்றோட்டப் பெட்டிகள். நாலடி நீளம், நாலடி அகலம், நாலடி உயரம், பக்கமெல்லாம் இடைவெளி. அடியில் பசுஞ்சாணம், மேலே காய்ந்த சருகு, அதற்கு மேலே கழிவு, மறுபடி சாணம், சருகு, கழிவு. தொண்ணூறு நாளில் பசளை. காற்றுப் போவதால் மீதேன் மிகவும் குறைவு, நாற்றமும் குறைவு. 2017இல் ஐக்கிய நாடுகளின் சுற்றுச்சூழல் அமைப்பு நல்ல உதாரணமாகக் காட்டிய ஐந்து நகரங்களில் ஆலப்புழையும் ஒன்று, பட்டியலில் ஒசாகாவும் இருந்தது! ஒசாகா எங்கே, இந்த நாலடிப் பெட்டி எங்கே.

இதில் வண்டியின் வேலை என்ன ஆகிறது என்று கவனியுங்கள். தினமும் எடுக்க வேண்டியது உக்கும் கழிவு மட்டும்தான், அது வட்டாரத்துக்குள்ளேயே நிற்கிறது, ஒன்று இரண்டு கிலோமீற்றர், அதற்கு மின்சார முச்சக்கர வண்டி தாராளம். காய்ந்த குப்பை நாறாது, வாரத்துக்கு ஒருமுறை பெரிய லொறி வந்தால் போதும்.

கொம்போஸ்ட் என்றதும் எங்கள் பக்கத்து வயற்காரர்கள் முகம் சுளிப்பதற்குக் காரணம் இருக்கிறது. 2021இல் ஒரே இரவில் இரசாயனப் பசளையைத் தடை செய்து, சேதனப் பசளை போடு என்று சொல்லி, அம்பாறையிலும் மட்டக்களப்பிலும் வயல் மஞ்சளாகிப் போனதைப் பார்த்தவர்கள் அவர்கள். அந்த நேரத்தில் பசளை என்ற பெயரில் விற்ற சிலதில் கண்ணாடித் துண்டும் பொலித்தீனும் கிடந்தன, வெறுங்காலோடு வயலில் இறங்குகிறவனுக்குக் கண்ணாடித் துண்டு கலந்த பசளையைக் கொடுத்துவிட்டு நம்பிக்கையை எதிர்பார்க்க முடியாது. கலந்த குப்பையை உக்க வைத்து, பிறகு சல்லடை போட்டுப் பசளை எடுப்பதில் இதுதான் நடக்கும். பிரித்து வந்த கழிவில் இந்தப் பிரச்சினை எழாது. நல்ல கொம்போஸ்ட் குவியல் உள்ளே 55 முதல் 65 பாகை வரை சூடாகும், கையை விட முடியாது, அந்தச் சூட்டில்தான் புழுவும் களை விதையும் நோய்க்கிருமியும் சாகின்றன. சூடாகவில்லை என்றால் ஈரம் கூடிவிட்டது அல்லது காய்ந்த பொருள் போதவில்லை. மீன்கழிவில் நைதரசன் கூட, அதனால் காய்ந்த பொருள் நிறைய வேண்டும். இங்கேதான் நாங்கள் அதிர்ஷ்டக்காரர்கள், உமி. அரிசி ஆலைகளுக்குப் பின்னால் மலைமாதிரிக் குவித்துச் சில இடங்களில் சும்மா கொளுத்துகிறார்கள். உமியும் தும்பும் சருகும் சேர்த்தால் மீன்கழிவு நாற்றம் அடங்கும்.

ஹோட்டல், சந்தை, கல்யாண மண்டபம் இவற்றின் கழிவுக்குப் பயோகேஸ் பொருத்தம். ஒரு தொன் உணவுக் கழிவில் இருந்து நன்றாக நடத்தினால் 80, 100 கன மீற்றர் வாயு வரலாம், சமையலுக்குக் கணக்குப் பார்த்தால் 12.5 கிலோ சிலிண்டர் மூன்றுக்குச் சமம். வரிசையில் வெறும் சிலிண்டரோடு நின்ற காலத்தை மறந்தவர்கள் யாரும் இருக்க மாட்டார்கள். அந்தக் கிருமிகளுக்கு 35 பாகை அளவில்தான் வேலை செய்யப் பிடிக்கும், நோர்வேயில் தொட்டியைச் சூடாக்க வேண்டும், இங்கே சூரியன் இலவசமாகச் செய்கிறது. இந்தியாவின் இந்தோர் நகரத்தில் 2022 பெப்ரவரியில் திறந்த ஆலை ஒரு நாளைக்கு 550 தொன் ஈரக் கழிவை எடுத்து நகர பஸ்களுக்கு வாயு கொடுக்கும் அளவுக்குக் கட்டப்பட்டது. ஆனால் அங்கே முதலில் வந்தது ஆலை இல்லை, வீடு வீடாகப் பிரித்து எடுக்கும், தனித்தனி அறை வைத்த வண்டிகள். ஒரு எச்சரிக்கையும் சொல்ல வேண்டும், தொட்டி கசிந்தால் போவது அதே மீதேன்தான், கட்டிவிட்டுப் பராமரிக்காமல் விடுவதைவிடக் கட்டாமல் விடுவது மேல்.

எரித்து மின்சாரம் எடுக்கலாமே என்று அடிக்கடி ஒருவர் சொல்வார். கெரவலப்பிட்டியில் 2021இல் 10 மெகாவாட் ஆலை திறந்தார்கள், கொழும்பின் குப்பை அளவுக்கு அது சரி. 2017 சித்திரைப் புத்தாண்டன்று மீதொட்டமுல்ல குப்பை மேடு சரிந்து முப்பதுக்கு மேற்பட்டோர் செத்த பிறகு அவர்களுக்கு வேறு வழியும் இருக்கவில்லை. எங்களுடைய ஈரக் குப்பையை எரிப்பதென்றால் முதலில் தண்ணீரை ஆவியாக்க வேண்டும், அதற்கே நிறையச் சூடு போய்விடும்.

பிளாஸ்டிக் பற்றிச் சுருக்கமாக. வெளிநாட்டு ஆலைகளில் அகச்சிவப்புக்கு அருகான ஒளியை அடித்து, திரும்பி வரும் ஒளியை வைத்து இது என்ன பிளாஸ்டிக் என்று இயந்திரம் கண்டுபிடிக்கிறது, காற்றை ஊதித் தள்ளிப் பிரிக்கிறது. அந்த இயந்திரத்துக்குக் கறுப்பு பிளாஸ்டிக் தெரியாது, கறுப்பு நிறத்துக்குச் சேர்க்கும் கரி ஒளியை விழுங்கிவிடும். எங்கள் கடைகளில் பிரியாணியும் கொத்தும் கட்டித் தருகிற பெட்டிகள் பெரும்பாலும் கறுப்பு. எங்களுக்கு அந்த இயந்திரத்தைவிட முதலில் வேண்டியது அமுக்கிக் கட்டும் பிரஸ். ஆடி அமாவாசைக்கு மாமாங்கத் தீர்த்தம் முடிந்ததும் கிடக்கும் தண்ணீர்ப் போத்தல்களை லொறியில் அப்படியே ஏற்றினால் மேற்குக் கரை வரை காற்றைத்தான் கொண்டுபோகிறோம். அமுக்கிக் கட்டினால் பல லொறி ஒரு லொறியாகும். அந்தப் பக்கம் ஹொரணையில் போத்தலை நூலாக்கும் தொழிற்சாலை இருக்கிறது, பொருளுக்கு ஆள் இல்லாமல் இல்லை. சோறு ஒட்டிய சொப்பிங் பேக்கைத்தான் யாரும் வாங்க மாட்டார்கள். அதையும் சருகையும் சேர்த்துப் பின்னேரம் வளவில் கொளுத்துகிறோம், நுளம்புக்கு நல்லதாம். பிவிசி குழாய்த் துண்டோ பழைய செருப்போ அதில் விழுந்தால் வரும் புகை பக்கத்து வீட்டுக் குழந்தையின் நெஞ்சுக்குள் போகிறது. சபை வண்டியின் புகையைப் பற்றி இவ்வளவு எழுதிவிட்டு இதைச் சொல்லாமல் விட முடியாது.

2025 மே மாதத் தேர்தலுக்குப் பிறகு நீண்ட காலம் கழித்துச் சபைகளுக்கு உறுப்பினர்கள் வந்திருக்கிறார்கள், வருட முடிவில் வரவுசெலவுத் திட்டம் போடுவார்கள். எனக்குத் தெரிந்த ஒரு உறுப்பினரிடம் இதையெல்லாம் சொன்னபோது பொறுமையாகக் கேட்டுவிட்டு, பெரிய கம்பக்டர் லொறி ஒன்றுக்கு எழுதியிருக்கிறோம் என்றார். கம்பக்டர் ஈரக் குப்பையை நசுக்கினால் அந்தத் தண்ணீர் வீதி முழுக்க ஒழுகும் என்றேன், அதற்கு அடியில் தொட்டி இருக்கிறதாம். இருக்கட்டும். ஒரே ஒரு வட்டாரத்தில், தடுப்பு வைத்த இரண்டு மின்சார முச்சக்கர வண்டி, ஒரு கொட்டகை, உமி ஏற்றிக் கொடுக்க ஒரு ஆலைக்காரர், இதை ஒரு வருடம் செய்து பாருங்கள் என்றுதான் கேட்டேன். யோசிப்பதாகச் சொல்லியிருக்கிறார்.

யோசிப்பவர்களுக்கு மாரி காலத்தையும் நினைவுபடுத்த வேண்டும். கார்த்திகை முதல் தை வரை இங்கே மழை பெய்தால் ஒழுங்கையில் முழங்கால் வரை தண்ணீர், மின்சார வண்டி வாங்கும்போது பற்றரியும் மோட்டரும் எவ்வளவு உயரத்தில் இருக்கின்றன, தண்ணீர் புகாத தரமா என்று எழுத்தில் வாங்க வேண்டும். கொட்டகைத் தரை வீதியைவிட இரண்டு அடியாவது உயர வேண்டும், இல்லாவிட்டால் முதல் வெள்ளத்திலேயே குவியல் வாவிக்குள் போய்ச் சேரும். காய்ந்த சருகையும் உமியையும் ஐப்பசிக்கு முன்னமே மூட்டை கட்டி உள்ளே அடுக்க வேண்டும். கூரைக்குச் சாதாரணத் தகரம் வேண்டாம், உப்புக் காற்றும் குவியலின் ஆவியும் சேர்ந்தால் சீக்கிரம் ஓட்டையாகும், தென்னங்கிடுகு போட்டு வருடா வருடம் மாற்றுவது மலிவு என்று அப்பா சொல்கிறார். அலுமினியத் தகடு போடலாம் என்கிறான் தம்பி. விலை விசாரித்துவிட்டு எழுதுகிறேன்.